‘மறைந்தார்’ என்றுதான் சொல்ல வேண்டும்

சங்கரன்கோவில் சங்கரநாராயணர் கோயிலுக்குள், வெள்ளைக்காரர்களை எதிர்த்துப் போரிட்ட நெற்கட்டும்செவல் பாளையக்காரர் பூலித்தேவர் பெயரைச் சொல்லி ஓர் அறையைக் காட்டுவார்கள். கோமதி அம்மனைக் கும்பிட்டு, புற்றுமண் வாங்கிக்கொண்டு, பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிற கூட்டத்தில் முக்கால்வாசிப் பேர் அந்தப் பக்கம் திரும்புவதில்லை. வெள்ளைக்காரர்கள் சிறைபிடித்துக் கொண்டுபோகிற வழியில், “சாமி கும்பிட்டுவிட்டு வருகிறேன்” என்று கேட்டுக்கொண்டு அவர் உள்ளே போனாராம். விலங்கு தெறித்து விழுந்ததாம். புகையும் ஒளியும் எழுந்தனவாம். வெளியே காத்திருந்தவர்கள் உள்ளே வந்து பார்த்தபோது ஆளைக் காணவில்லை.

2006-இல், சின்னக் கேசட் போடும் இரவல் கேமரா ஒன்றோடு அந்த அறை முன்னால் போய் நின்றேன். அதுவரை நான் எடுத்தவை கல்யாண வீடுகளும் சடங்கு வீடுகளும்தான். அன்று மதியமே நெற்கட்டும்செவலுக்குப் போனேன். வேப்பமரத்தடித் திண்ணையில் இருந்த ஒரு பெரியவரிடம் மைக்கை நீட்டி, எடுத்த எடுப்பில் கேட்டேன்: “தாத்தா, பூலித்தேவர் எப்படிச் செத்தார்?”

அவர் எழுந்து போய் வெற்றிலையைத் துப்பிவிட்டு வந்து உட்கார்ந்தார். தோளில் கிடந்த துண்டை எடுத்து வாயைத் துடைத்தார். வெகு நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, “செத்தார் என்று சொல்லாதே, தாயி. மறைந்தார் என்றுதான் சொல்ல வேண்டும்” என்றார்.

அந்த ஒரு சொல்லுக்காகத்தான் அடுத்த பல வருடங்கள் ஆவணப்படம் எடுக்கும் வேலையில் அலைந்தேன் என்று சொன்னால் மிகையில்லை. மறைந்தார் என்றால் கண்ணுக்குத் தெரியாமல் போனார் என்றும் பொருள். இறந்தார் என்று மரியாதையாகச் சொல்வதும் அதே சொல்தான். மாணிக்கவாசகர் சோதியில் கலந்தார், நந்தனார் சோதியில் கலந்தார். அடியார்களுக்கென்று வைத்திருந்த சாவை இந்த ஊர் ஒரு பாளையக்காரருக்குக் கொடுத்திருக்கிறது. சுரங்கம் வழியாகத் தப்பினாரா, பிடிபட்டாரா என்று துப்பறிகிறவர்கள் துப்பறியட்டும். ஓர் ஊர் தன் தலைவனுக்கு ஏன் இந்த முடிவைக் கொடுத்தது என்ற கேள்விதான் எனக்குப் பெரிதாகத் தெரிந்தது. அதைப் படமாக எடுக்க முடியும் என்றும் தோன்றியது.

இந்த ஆசை எங்கிருந்து வந்தது என்று யோசித்தால், என் ஆச்சியிடம்தான் போய் நிற்கும். ஸ்ரீவைகுண்டம் பக்கம் அவளுக்கு ஊர். ஆதிச்சநல்லூர்ப் பரம்பில் ஆடு மேய்த்தவள். மழை அடித்து ஓய்ந்தால் செம்மண்ணில் பானை விளிம்பு வட்டமாகத் தெரியும் என்பாள். “மதமதக்கத் தாழி” என்றுதான் அவளுக்குத் தெரியும். முதுமக்கள் தாழி என்ற பெயரெல்லாம் பிறகு பள்ளிக்கூடத்தில் படித்தது. அந்தக் காலத்தில் மனிதர்களுக்குச் சாவே வராதாம். வயதாக ஆக உடம்பு சுருங்கிச் சுருங்கிக் கைக்குழந்தை அளவுக்கு வந்துவிடுவார்களாம். விளக்கு மாடத்தில் தூக்கி வைப்பார்களாம். அதற்கும் பிறகு, கொஞ்சம் சோறும் தண்ணீரும் விளக்கும் உடன் வைத்துத் தாழிக்குள் இறக்கிவிடுவார்களாம். இதை ஆச்சி கதை சொல்கிற குரலில் சொல்லமாட்டாள். பக்கத்து வீட்டில் நடந்ததைச் சொல்வதுபோலச் சொல்வாள்.

2004-இல் இந்தியத் தொல்லியல் ஆய்வுத் துறை அங்கே மறுபடியும் குழி போட்டது. நூறு ஆண்டுகளுக்குப் பிறகு நடந்த அகழாய்வு அது. நான் வேலிக்கு வெளியே நின்று பார்த்தேன். ஒரு தாழியின் மூடியை எடுத்தபோது அங்கே வேலை செய்துகொண்டிருந்த பெண்கள் தங்களை அறியாமல் கையெடுத்துக் கும்பிட்டார்கள். படம் எடுக்க அனுமதி இல்லை, என்னிடம் கேமராவும் இல்லை. ஆனால் அந்தக் கும்பிடு என் மனத்தை விட்டுப் போகவில்லை. கல்யாண வேலையில் சேர்த்த காசில் படம் எடுக்கலாம் என்று முடிவு செய்தது அந்த வாரத்தில்தான்.

கல்யாண வேலையைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இந்தத் துறைக்கு வர நினைக்கிற பிள்ளைகள் அதை விட்டுவிட்டுத்தான் வர வேண்டும் என்று எண்ணுகிறார்கள். விடாதீர்கள். தையிலும் ஆவணியிலும் நான் இன்றைக்கும் முகூர்த்தத்திற்குப் போகிறேன். வீட்டு வாடகையைக் கொடுப்பது அது. அதைவிட முக்கியம், அது கையைப் பழக்குகிறது. தாலி கட்டுவது ஒருமுறைதான்; “இன்னொரு தரம் கட்டுங்கள்” என்று மாப்பிள்ளையிடம் கேட்க முடியாது. எண்பது வயதுப் பெரியவர் முதல் தடவை ஒரு விஷயத்தைச் சொல்வதும் அப்படித்தான். இரண்டாம் முறை கேட்டால் உங்களுக்காகச் சொல்வார். முதல் முறை சொன்னது அவருக்காக. நாதஸ்வரச் சத்தத்திற்கு நடுவில் மணப்பெண்ணின் அம்மா முணுமுணுப்பதைப் பதிவு செய்யத் தெரிந்தவருக்கு, கயத்தாறு காற்றாலைகளுக்கு நடுவே ஒரு குரலைப் பிடிப்பது பெரிய காரியமாக இருக்காது. ஆனி, ஆடிக் காற்றில் இந்தப் பக்கம் படம் எடுக்கப் போகிறவர்கள், மைக்குக்குப் போடுகிற அடர்த்தியான முடி உறையை வாங்காமல் கிளம்ப வேண்டாம். படம் கொஞ்சம் மங்கினால் பார்ப்பவர் பொறுத்துக்கொள்வார். சொல் கேட்கவில்லை என்றால் எழுந்து போய்விடுவார்.

பூலித்தேவர் வேலைக்குத் திரும்புகிறேன். பெரியவர் சொன்னதை வைத்துக்கொண்டு ஆவணங்களைத் தேடினேன். சென்னை எழும்பூரில் தமிழ்நாடு ஆவணக் காப்பகம் இருக்கிறது. ஒரு வாரம் தங்கினால் போதும் என்று நினைத்துப் போனேன். நான்கு முறை போக வேண்டியிருந்தது. முதல் இரண்டு முறை ஒன்றுமே கிடைக்கவில்லை. காரணம் எளியது. நான் தேடிய பெயர்களை வெள்ளைக்காரர்கள் அப்படி எழுதவில்லை. நெற்கட்டும்செவலை அவர்கள் ‘நெல்லிதாங்கவில்லி’ என்று எழுதியிருக்கிறார்கள். திருநெல்வேலி ‘தின்னவேலி’. ஊர்ப்பெயரைக் காதால் கேட்டு, தங்கள் நாக்குக்கு வந்தபடி எழுதியவர்கள் அவர்கள். அதனால் கண்ணால் தேடாதீர்கள். பக்கத்தில் இருப்பவருக்குத் தொந்தரவு இல்லாமல் அந்த எழுத்துகளை மெல்ல வாய்விட்டுப் படித்துப் பாருங்கள். திடீரென்று நம் ஊர் பேசும். மூன்றாவது பயணத்தில் அப்படித்தான் எனக்கு வாசல் திறந்தது.

திறந்தபோது தெரிந்தது இதுதான். 1755-இல் கர்னல் ஹெரான் படையோடு வந்து நெற்கட்டும்செவலைப் பிடிக்க முடியாமல் திரும்பியது பதிவாகியிருக்கிறது. கம்பெனிக்காகப் படை நடத்திய யூசுப் கான் வந்ததும், கோட்டைகள் ஒவ்வொன்றாக விழுந்ததும், அவர் காலத்துக்குப் பிறகு 1767-இல் வாசுதேவநல்லூர் விழுந்ததும் பதிவாகியிருக்கின்றன. அதே யூசுப் கானை ஆற்காட்டு நவாபும் கிழக்கிந்தியக் கம்பெனியும் சேர்ந்து 1764 அக்டோபர் 15-இல் மதுரையில் தூக்கிலிட்டதற்கு நாள் இருக்கிறது. கட்டபொம்மனைக் கயத்தாற்றில் 1799 அக்டோபர் 16-இல் மேஜர் பானர்மன் தூக்கிலிட்டதற்கு நாள், இடம், உத்தரவு எல்லாம் இருக்கின்றன. தூக்கில் போட்டால் எழுதி வைக்கிற வழக்கம் உள்ளவர்கள் அவர்கள். பூலித்தேவர் முடிவுக்கு அப்படி ஒரு வரி, நான் புரட்டிய கட்டுகளில் என் கைக்கு வரவேயில்லை. ஆவணம் பேச்சை நிறுத்துகிற அந்த இடத்தில்தான் வேப்பமரத்தடிப் பெரியவர் பேசத் தொடங்குகிறார். படத்தின் நடுவே அந்தத் தையலை மறைக்காமல் காட்ட வேண்டும் என்று எனக்குப் பிடிவாதம் வந்தது. முதலில் பழுப்புக் காகிதம், பிறகு வெற்று வெள்ளைத் திரை, அதற்குப் பிறகு அவர் துண்டால் வாயைத் துடைப்பது.

ஊருக்குள் வேலை செய்தபோது இன்னொன்றைக் கற்றேன். ஒரே போரை மூன்று தெருக்களில் மூன்று விதமாகக் கேட்டேன். ஒரு தெருவில் பூலித்தேவர். இன்னொரு தெருவில் ஒண்டிவீரன், தனி ஆளாகப் பகைவர் முகாமுக்குள் புகுந்தவர். மூன்றாவது தெருவில் வெண்ணிக் காலாடி, வயிறு கிழிந்து குடல் சரிந்த நிலையிலும் தலைப்பாகைத் துணியால் இறுகக் கட்டிக்கொண்டு போரிட்டவர். ஒவ்வொரு தெருவிலும் கேட்ட முதல் கேள்வி ஒன்றேதான்: “அங்கே போய்விட்டு வந்தாயா, இல்லை எங்களிடம் முதலில் வந்தாயா?” உண்மையைச் சொல்லுங்கள். எங்கே முதலில் போனோம், யார் வீட்டில் சாப்பிட்டோம் என்பதை மறைத்தால் மறுநாள் ஊருக்கே தெரிந்துவிடும். நான் மூன்று வீட்டிலும் சாப்பிட்டேன், மூன்று பேருக்கும் ஒரே அளவு நேரம் கொடுத்தேன், பெயர்ப் பட்டியலில் மூவரையும் ஒரே எழுத்தளவில் போட்டேன். நம் பக்கத்தில் சரித்திரப் படம் எடுக்கிறவர் கையில் தீப்பெட்டி இருக்கிறது. அதை உணராமல் ஒரு சொல்லையும் பேசிவிடக் கூடாது.

படம் எழுபது நிமிடம் வந்தது. வாங்கிக்கொண்ட ஒரு தொலைக்காட்சி அதை இருபத்திரண்டு நிமிடமாக வெட்டியது. வெள்ளைத் திரை போயிற்று. பெரியவரின் மௌனம் போயிற்று. ஒண்டிவீரனும் வெண்ணிக் காலாடியும் போனார்கள். சுரங்கத்திற்குள் புதையல் இருக்கிறதா என்ற கேள்வி, நான் எங்கேயும் கேட்காத கேள்வி, தலைப்பாகவே வந்தது. ஒளிபரப்பான மறுவாரம் யார் யாரோ போனில் கூப்பிட்டு இடம் கேட்டார்கள். நான் படத்தில் காட்டியிருந்த ஒரு பழைய மேட்டில் இரவோடு இரவாக யாரோ தோண்டிப் பார்த்திருந்தார்கள். போய்ப் பார்த்தேன். இடுப்பளவுக் குழி; ஓரத்தில் உடைந்த ஓடுகள் சிதறிக் கிடந்தன. அன்றைக்கு அழுததுபோல நான் வேறெதற்கும் அழுததில்லை. அந்தப் பெரியவர் அதன்பிறகு என்னோடு பேச்சை நிறுத்திக்கொண்டார்.

ஆகையால், படம் விற்கிறவர்களுக்கு: வெட்டும் உரிமை யாரிடம் என்பதை ஒப்பந்தத்தில் தனி வரியாக எழுதாமல் கையெழுத்துப் போடாதீர்கள். தலைப்பும் அதில் அடங்கும். காசு குறைவாகக் கொடுத்தாலும் அந்த வரிக்கு ஒப்புக்கொள்கிறவரிடம் போங்கள். காவல் இல்லாத இடத்தைப் படம் பிடித்தால், மைல்கல், மலையின் வரிவடிவம், கோயில் கோபுரம் எதுவும் கேமராவின் சட்டகத்துக்குள் வராமல் நெருக்கி எடுங்கள். ஊர்ப்பெயரைச் சொல்லாதீர்கள். போனில் எடுக்கும் படத்தில் இடக்குறிப்பு பதிவாகிறதா என்று பார்த்து அணைத்துவிடுங்கள்.

கழுகுமலைக்கு நான் போனது அந்தக் கசப்போடுதான். வெட்டுவான் கோயிலைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். எட்டாம் நூற்றாண்டுப் பாண்டியர் காலம். மலைச்சரிவைச் செவ்வகமாக ஏழெட்டு மீட்டர் ஆழத்திற்குக் குடைந்து, நடுவில் விட்ட பாறையில் மேலிருந்து கீழாகச் செதுக்கிக்கொண்டு வந்திருக்கிறார்கள். விமானத்தில் தட்சிணாமூர்த்தி மத்தளம் வாசித்துக்கொண்டிருக்கிறார். கீழே வர வர உளி நின்றுவிட்டது. ஏன் நின்றது? தந்தை மேலே செதுக்க, மகன் தனியே இன்னொரு கோயிலை வேகமாக முடித்துவிட, பொறாமையில் தந்தை சுத்தியலை வீசி மகனைக் கொன்றுவிட்டான். அதனால் நின்றது என்பது எல்லாரும் சொல்லும் கதை. நானும் அதை நம்பி, இரண்டு நடிகர்களைக் கூட்டிக்கொண்டு, வேறொரு பாறைமேட்டில் அந்தக் காட்சியை எடுத்தேன்.

சுற்றி நின்று பார்த்தவர்களில் ஒரு கல்தச்சர் இருந்தார். அம்மி, உரல் கொத்துகிறவர். இடைவேளையில் வந்து, “அம்மா, உளியை அந்தத் தம்பி பிடிக்கிற மாதிரி பிடித்தால் ஒரு மாதத்தில் கட்டைவிரல் போய்விடும்” என்றார். அன்றைய படப்பிடிப்பை நிறுத்திவிட்டு அவரைக் கழுகுமலைக்கு அழைத்துப் போனேன். ஒரு மணி நேரம் சுற்றிச் சுற்றி வந்தார். மேலிருந்து கொத்தினால் சாரம் கட்ட வேண்டாம், கொத்தாத பாறையே நிற்கிற திண்ணை என்று விளக்கினார். சில்லு தெறித்து, முடித்த சிற்பத்தின் மேல் விழாது என்றும் சொன்னார். பிறகு அடிப்பகுதியைக் கையால் தடவிப் பார்த்துவிட்டு அவர் சொன்னதுதான் என் படத்தின் உயிரானது: “ஒருத்தன் செத்ததால் வேலை நின்றிருக்காது அம்மா. ஒருத்தன் போனால் இன்னொருத்தன் உளியை எடுப்பான். கூலி நின்றால்தான் எல்லா உளியும் ஒன்றாக நிற்கும்.”

இது நிரூபணம் அல்ல. ஆனால் எந்த ஆராய்ச்சியாளரும் என்னிடம் இப்படிச் சொன்னதில்லை. நடிகர்களை வைத்து எடுத்ததை முழுதாகத் தூக்கி எறிந்தேன். முப்பதாயிரம் ரூபாய் போயிற்று, வருத்தமே இல்லை. அதற்குப் பிறகு எந்தப் புதிரைத் தொட்டாலும், அந்த வேலையைக் கையால் செய்கிற ஒருவரைத் தேடி முதலில் போகிறேன்.

திருப்புடைமருதூரிலும் அதையே செய்தேன். தாமிரபரணிக் கரையில் நாறும்பூநாதர் கோயில். ராஜகோபுரத்தின் உள்ளே ஐந்து நிலைகளிலும் ஓவியங்களும் மரச் சிற்பங்களும் நிறைந்திருக்கின்றன. குதிரைகளை ஏற்றிக்கொண்டு வரும் கப்பல் ஒன்று அதில் இருக்கிறது. அதைப் பார்த்த நாள் முதல் எனக்குத் தூக்கம் இல்லை. மார்க்கோ போலோ காயல் துறைமுகத்தைப் பற்றிச் சொல்லும்போது ஹோர்முஸிலிருந்தும் ஏடனிலிருந்தும் குதிரைகள் வந்து இறங்கியதைச் சொல்கிறார். அந்தக் காயல் ஆற்றின் கடைசியில். இந்தக் கோபுரம் ஆற்றின் மேல்பாதியில். கடலைப் பார்க்காத ஓர் ஊரின் கோபுரத்துக்குள் இந்தக் கப்பல் எப்படி ஏறியது? ஓவியத்தின் படத்தைப் புன்னைக்காயலில் ஒரு வயதான மீனவரிடம் காட்டினேன். அவர் கப்பலைப் பார்க்கவேயில்லை, குதிரைகளை எண்ணினார். “இத்தனை வாய்க்கும் தண்ணீர் எங்கே வைத்தார்கள், மகளே?” என்று கேட்டார். அந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு நான் இன்னும் நடந்துகொண்டிருக்கிறேன்.

அங்கே படம் எடுக்கப் போகிறவர்கள் கவனிக்க வேண்டியவை சில உண்டு. அறநிலையத் துறைக் கோயில் என்றால் செயல் அலுவலரிடம் எழுத்தில் விண்ணப்பிக்க வேண்டும். தொல்லியல் துறையின் பொறுப்பில் உள்ள இடம் என்றால், அது மத்திய அரசின் துறையா, மாநிலத் துறையா என்பதை வாசல் பலகையைப் பார்த்து உறுதி செய்துகொண்ட பிறகே மனு எழுதுங்கள். தவறான அலுவலகத்தில் கொடுத்துவிட்டு நான் ஐந்து மாதம் காத்திருந்தது உண்டு. கோபுரத்துக்குள் வௌவால் எச்சம் மண்டிக் கிடக்கும். முகக்கவசம் இல்லாமல் ஏறாதீர்கள். சூடு தரும் விளக்குகளைப் பழைய ஓவியத்தின் பக்கம் கொண்டுபோகாதீர்கள். சூடேறாத சிறிய எல்.இ.டி. விளக்கைப் பக்கவாட்டில் தள்ளிப் பிடித்தால், வண்ணத்துக்கும் கேடில்லை, தூரிகை போன தடமும் தெரியும். ட்ரோன் ஆசை எல்லாருக்கும் இருக்கிறது. மகேந்திரகிரியில் இஸ்ரோ, கூடங்குளத்தில் அணுமின் நிலையம், விஜயநாராயணத்தில் கடற்படைத் தளம் உள்ள நாடு இது. வரைபடத்தில் எங்கே பறக்கலாம் என்று பார்த்து, உள்ளூர்க் காவல் நிலையத்திலும் சொல்லிவிட்டே கிளப்புங்கள்.

கொற்கையைப் பற்றி ஒரே ஒரு வார்த்தை. பாண்டியரின் முத்துத் துறைமுகம் இன்றைக்குக் கடலிலிருந்து ஆறேழு கிலோமீட்டர் உள்ளே வாழைத் தோட்டங்களுக்கு நடுவே கிடக்கிறது. கடலை எதிர்பார்த்துப் போய் ஏமாறாதீர்கள். அங்கே படம் எடுக்க வேண்டியது கடல் இல்லாமையைத்தான்.

ஆதிச்சநல்லூரும் அப்படித்தான். 1876-இல் பெர்லினிலிருந்து வந்த ஜாகோர் தோண்டி எடுத்தது பெர்லினுக்குப் போயிற்று. 1899 தொடங்கி அலெக்சாண்டர் ரீ எடுத்த பொன் நெற்றிப்பட்டங்களும் வெண்கலப் பொருட்களும் எழும்பூர் அருங்காட்சியகத்திற்குப் போயின. 114 ஏக்கர் மேட்டில் நின்றால் காற்றும் சரளைக் கல்லும்தான். 2023-இல் அங்கேயே கண்ணாடித் தரை போட்டு, குழிக்குள் தாழிகள் கிடந்தபடியே பார்க்கிற மாதிரி அருங்காட்சியகம் திறந்தார்கள். நான் அம்மாவைக் கூட்டிக்கொண்டு போனேன். அம்மா செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் கண்ணாடி மேல் கால் வைத்தார். ஆச்சி இருந்திருந்தால் விளக்கு எங்கே என்று கேட்டிருப்பாள்.

இந்த வட்டாரத்துக் காலக் கணக்கில் ஒரு தொழில் நுணுக்கம் உண்டு. சிவகளைத் தாழியில் கிடைத்த நெல்லின் காலம் கி.மு. 1155 என்று 2021-இல் அறிவித்தார்கள். நான் அதை விவரணைக் குரலில் பதிந்து, “இதுவே மிகப் பழமை” என்று முடித்திருந்தேன். 2025 ஜனவரியில், அதே சிவகளையின் இரும்பு கி.மு. 3345 வரை போகிறது என்ற அறிவிப்பு வந்தது. குரல் கொடுத்தவர் அதற்குள் வெளிநாடு போய்விட்டார். முழு விவரணையையும் வேறொருவரை வைத்து மறுபடி பதிய வேண்டியதாயிற்று. வயதைக் குரலில் பதியாதீர்கள். திரையில் எழுத்தாகப் போடுங்கள், எந்தப் பொருளின் வயது, எந்த ஆண்டில் அறிவித்தது என்பதையும் சேர்த்து. நாளைக்கு வேறு முடிவு வந்தால் ஒரு வரியை மாற்றினால் போதும். ‘உலகிலேயே முதல்’ என்ற சொல் நம் மண்ணின் மேல் உள்ள பாசத்தில் வாய் வரைக்கும் வரும். எனக்கும் வருகிறது. அதை விழுங்கிவிட்டு, தாழியைக் கொஞ்ச நேரம் கூடுதலாகக் காட்டுங்கள்.

2023 டிசம்பர் 17, 18. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் சுமார் 95 சென்டிமீட்டர் மழை கொட்டிய அந்த இரண்டு நாட்களில், சிந்துபூந்துறையில் தரைத்தளத்தில் இருந்த என் படத்தொகுப்பு அறைக்குள் தாமிரபரணி வந்தது. இரவு இரண்டு மணிக்கு முழங்கால் அளவு. விடிவதற்குள் மேசைக்கு மேல். பதினொரு ஹார்டு டிஸ்க்குகளும் நனைந்தன. மூன்றை மட்டுமே மீட்க முடிந்தது. கழுகுமலைக் கல்தச்சர் பேசியதன் முழுப் பதிவும் போயிற்று. முடித்த படத்தில் உள்ள நான்கு நிமிடம்தான் மிச்சம். ஒரே அறையில் எத்தனை பிரதி வைத்தாலும் அது ஒரு பிரதிதான் என்பதை ஆற்றிடம் கற்றேன். இப்போது ஒன்று என்னிடம், ஒன்று மதுரையில் தோழி வீட்டில், ஒன்று இணையச் சேமிப்பில். படத்தில் பேசியவர்கள் வீட்டுக்கும் அவர்கள் பேசிய பகுதியைப் பென் டிரைவில் போட்டுக் கொடுத்துவிடுகிறேன். அது அவர்கள் சொத்து. தவிர, ஒரு குரலைப் பத்திரமாக வைக்கும் ஊர் அலமாரி அதைப்போல வேறில்லை.

தப்பியவை பழைய கேசட்டுகள். இடத்தை அடைக்கின்றன என்று 2015 வாக்கில் அண்ணன் வீட்டுப் பரணில் ஏற்றியிருந்தேன். வெள்ளம் வடிந்து ஒரு மாதம் கழித்து அந்தப் பெட்டியை இறக்கினோம். ஓட்டுகிற கருவி தேடி மதுரை வரை அலைந்து, ஒரு பழைய ஸ்டூடியோக்காரரிடம் கண்டுபிடித்து, கேசட்டுக்கு இவ்வளவு என்று கொடுத்துக் கணினிக்கு மாற்றினேன். யார் வீட்டிலாவது இந்தக் கேசட்டுகள் இருந்தால் இந்த ஆண்டே மாற்றிவிடுங்கள். காந்தப் பூச்சு உதிர்கிறது. ஓட்டுகிற கருவிகளோ நாளுக்கு நாள் அரிதாகின்றன.

நான்காவது கேசட்டில் வேப்பமரம் வந்தது.

நெற்கட்டும்செவலுக்குப் போன் செய்தேன். மகன் எடுத்தார். “அப்பா போன தையில் மறைந்துவிட்டார், அக்கா” என்றார். சொன்ன பிறகு இரண்டு பேரும் கொஞ்ச நேரம் பேசவில்லை. நான் கேசட்டைப் பற்றிச் சொன்னேன். வாருங்கள் என்றார்.

வெட்டாத எழுபது நிமிடப் படத்தையும், அந்தக் கேசட்டின் நாற்பத்தொரு நிமிட முழுப் பதிவையும் எடுத்துக்கொண்டு போனேன். வீட்டுச் சுவரில் வேட்டியைக் கட்டிப் படத்தைப் போட்டோம். மூன்று தெருக்களிலிருந்தும் ஆட்கள் வந்திருந்தார்கள், சிலர் வாசலுக்கு வெளியே நின்றார்கள். வெள்ளைத் திரை வந்தபோது கரண்ட் போய்விட்டதோ என்று ஒரு பையன் எழுந்து பார்த்தான். படம் முடிந்ததும் வெண்ணிக் காலாடி கதை சொன்னவரின் மகள், தன் தகப்பனார் வருகிற இடத்தை மறுபடி போடச் சொன்னாள். போட்டேன். காபி வந்தது.

எல்லாரும் போன பிறகு, பெரியவரின் பேரன் முழுப் பதிவை மடிக்கணினியில் போட்டுக் கேட்டுக்கொண்டிருந்தான். கல்லூரியில் முதலாம் ஆண்டு. போரைப் பற்றியோ அறையைப் பற்றியோ தாத்தா சொல்கிற இடங்களை எல்லாம் தள்ளித் தள்ளி ஓட்டினான். என் கேள்விக்குப் பிறகு அவர் பேசாமல் இருக்கிற இடத்துக்கு வந்து நிறுத்தினான். அங்கே கேமராவை நிறுத்திவிடலாமா என்று 2006-இல் என் விரல் பொத்தான் வரை போய்த் திரும்பியது இன்னும் நினைவிருக்கிறது. ஐம்பது நொடி. காக்கை கத்துகிறது. தூரத்தில் ஒரு பஸ். அவர் செருமிக்கொள்கிறார். துண்டை உதறுகிறார்.

பேரன் அந்த ஐம்பது நொடியை மட்டும் திரும்பத் திரும்பப் போட்டான். “தாத்தா சாப்பிட உட்காரும் முன்னால் இப்படித்தான் செருமுவார்” என்றான். உள்ளேயிருந்து அவன் அப்பத்தா, “யாரது, அவுக வந்தாச்சா?” என்று கேட்டுக்கொண்டே நிலைப்படி வரை வந்துவிட்டாள்.